கொல்லர் கல்லிச் சங்கம்

மைக்கேல்ராஜ் கடப்பாரையோடு வாசலில் வந்து நின்றபோது ஜோசஃபின் வேண்டாம் என்று சொல்லவில்லை. கொல்லர் கல்லி என்ற அந்தச் சந்தில் ஒன்றோடொன்று ஒட்டி நின்ற இருபத்திரண்டு வீடுகளுக்கும் நடுச்சுவரை உடைத்து வழி விடுவது என்று சங்கம் தீர்மானித்திருந்தது. அந்தத் தீர்மானத்தை அழகான கையெழுத்தில் எழுதிக் கொடுத்தவளே அவள்தான்.

மைக்கேல்ராஜ் பக்கத்து வீட்டுக் கொல்லன். கடப்பாரையை ஓங்குவதற்கு முன் அரிசிப் பானையை அப்பால் நகர்த்தினான், அடுப்பின்மேல் கோணியைப் போர்த்தினான், அவளுடைய ஆறு வயது மகள் நோராவைத் தூக்கி வாசற்படியில் உட்கார வைத்தான். ஆள் குனிந்து நுழையும் அளவுக்கு ஓட்டை விழுந்ததும் அதற்கு ஒரு சாக்கைத் திரையாகக் கட்டினான்.

"பயப்படாத தங்கச்சி. ஓடறதுக்கு ஒரு வழி, அவ்வளவுதான்" என்றான்.

அந்தப் பக்கத்திலிருந்து அவன் மனைவி பியாட்ரிஸ் தூசியில் இருமிக்கொண்டே இவளைப் பார்த்துச் சிரித்தாள். ஜோசஃபினும் சிரித்தாள். அவர்கள் போனபிறகு சாக்கின் நான்கு மூலையையும் ஆணியடித்துச் சணலால் இறுக்கிக் கட்டினாள். சணல் எதையும் தடுக்காது என்று தெரிந்துதான் கட்டினாள்.

அது ஆயிரத்து எண்ணூற்றுத் தொண்ணூற்றெட்டாம் வருஷம், அக்டோபர் மாதம். ஆகஸ்டில் ரயிலடிப் பக்கம் தலைகாட்டிய பிளேக், ஒரே மாதத்தில் வெள்ளைக்காரப் பட்டாளம் இருந்த தண்டு முழுவதும் பரவிவிட்டது. பிளாக்பள்ளி மார்க்கெட்டில் பாதிக் கடைகள் சாத்திக் கிடந்தன. முதலில் எலி சாகும். அப்புறம் காய்ச்சல் வரும், தொடையிடுக்கிலோ அக்குளிலோ நெறி கட்டும். மூன்றாம் நாள் மாதா கோயில் மணி அடிக்கும். செப்டம்பர் கடைசியில் மணி அடிப்பதையும் நிறுத்திவிட்டார்கள். கேட்கிறவர்கள் பயப்படுகிறார்கள் என்று.

ஆனால் கொல்லர் கல்லி நோயைவிடச் சோதனைக்காரர்களுக்குத்தான் அதிகம் பயந்தது. ஒரு டாக்டர், இரண்டு சிப்பாய், நான்கு கூலியாட்கள். கதவைத் தட்டிக்கொண்டு உள்ளே வருவார்கள். காய்ச்சல்காரரைத் தூக்கி ஆஸ்பத்திரிக் கொட்டகைக்குக் கொண்டுபோவார்கள், வீட்டில் இருந்த மற்றவர்களை ஊருக்கு வெளியே முள்வேலி போட்ட கேம்புக்கு. பாய் தலையணையெல்லாம் தெருவில் எரியும். வெயில் படட்டும் என்று கூரை ஓடுகளை இறக்கிவிடுவார்கள். தையற்காரன் ரங்காவின் மனைவியைத் தலைக்குக் குளித்துவிட்டு முடி உலர்த்திக்கொண்டிருந்தபோது பிடித்தார்கள். தெருவில் நிற்கவைத்து, இத்தனை ஆண்கள் பார்க்க, அக்குளைத் தூக்கிப் பார்த்தார்கள். அவளுக்கு நெறி இருந்தது என்னவோ உண்மைதான். நான்காம் நாள் ரங்கா கையில் ஒரு துண்டுச் சீட்டைக் கொடுத்தார்கள். அவள் எங்கே புதைக்கப்பட்டாள் என்று அவனுக்குக் கடைசிவரை தெரியாது.

மறுநாளே மைக்கேல்ராஜின் பட்டறையில் கல்லி கூடியது. முந்தின வருஷம் மாதா தேர் வந்தபோது கல்யாண ஊர்வலத்தின் மேளம் நிற்கவில்லை என்று மண்டையை உடைத்துக்கொண்டு கோர்ட்டுக்குப் போனவர்கள் இவர்கள்தான். இப்போது கிறிஸ்தவர்களும் நாயுடுக்களும் சாயபுமாரும் தோளோடு தோள் இடித்து உட்கார்ந்திருந்தார்கள். தலைவராகக் கஸ்தூரிரங்கனை வைத்தார்கள். ரெஸிடென்ஸி ஆபீஸில் முப்பது வருஷம் உத்தியோகம் பார்த்து ஓய்வு பெற்றவர், கல்லி முனையில் மெத்தை வீடு. மற்ற வீட்டுத் தண்ணீரைக்கூடத் தொடாத மனிதர், தன் வீட்டுச் சுவரில்தான் முதல் கடப்பாரை விழவேண்டும் என்றார். அதைக் கேட்டு நாலைந்து பேர் அழுதார்கள்.

கல்யாணத்துக்கு முன்னால் கான்வென்ட் பள்ளியில் பாடம் சொல்லிக் கொடுத்தவள் என்பதால், சோதனையை நிறுத்தச் சொல்லிச் சர்க்காருக்கு மகஜர் எழுதும் வேலை ஜோசஃபினுக்கு வந்தது. எண்பத்து மூன்று கையெழுத்து, கைநாட்டையும் சேர்த்து. மகஜருக்குப் பதில் வரவில்லை. பிறகு சத்தியப்பிரமாணம் எழுதினாள். காட்டிக் கொடுக்கிறவன் வீட்டோடு கல்லிக்கு உறவில்லை, கிணற்றில் அவனுக்குத் தண்ணீர் இல்லை, செத்தால் தூக்க ஆள் இல்லை. சிலுவையைத் தொட்டும், கற்பூரத்தை அணைத்தும், குர்ஆன்மேல் கை வைத்தும் எல்லாரும் சத்தியம் செய்தார்கள்.

அவள் கணவன் யூஜின் ஆபீஸர்கள் சாப்பிடும் மெஸ்ஸில் சமையற்காரன். பிளேக் வந்ததும் வேலைக்காரர்கள் வெளியே போகக்கூடாது என்று உத்தரவாகி, ஆறு வாரமாக அவன் அங்கேயே அடைபட்டுக் கிடந்தான். அதுவரை தனியாகப் பயந்துகொண்டிருந்த ஜோசஃபின், பிரமாணம் செய்த அன்று நிம்மதியாகத் தூங்கினாள். எல்லாரும் சேர்ந்து பயப்படுவது எவ்வளவோ தேவலை என்று அவளுக்குத் தோன்றியது.

முதல் தடவை ஏற்பாடு நன்றாகவே வேலை செய்தது. சோதனைக்காரர்கள் முனையில் திரும்பியதும் மைக்கேல்ராஜ் பட்டறைக்கல்லில் மூன்று அடி, நிறுத்தி நிறுத்தி, அடித்தான். குளிர்காய்ச்சலில் கிடந்த ஒரு கிழவரைச் சுவர் சுவராகத் தள்ளிக்கொண்டு போய் மறுமுனையில் ஒளித்தார்கள். சோதனைக்காரர்கள் வெறுங்கையோடு போனதும் கல்லியில் கற்கண்டு கொடுத்தார்கள். ரங்கா மட்டும் வாங்கிக்கொள்ளவில்லை.

இரண்டாம் தடவை கல் ஒலித்தது ஒரு செவ்வாய்க்கிழமை, பத்து மணி இருக்கும். ஜோசஃபின் சாக்கை அவிழ்ப்பதற்குள் இடப்பக்கச் சுவரின் ஓட்டை வழியாக இரண்டு பேர் ஒரு பெண்ணைப் போர்வையோடு தூக்கி வந்து நோராவின் படுக்கையில் கிடத்தினார்கள். கஸ்தூரிரங்கனின் மருமகள் ருக்கு. பத்தொன்பது வயது, புருஷன் மைசூரில் உத்தியோகத்தில் இருந்தான். முகம் சிவந்து, கண் எங்கோ நிலைத்திருந்தது. நாக்கு வெள்ளையாகத் தடித்திருந்தது. இடது கையை உடம்போடு ஒட்ட முடியாமல் விலக்கியே வைத்திருந்தாள். ஜோசஃபினுக்கு அக்குளைத் தொட்டுப் பார்க்க வேண்டியிருக்கவில்லை.

சோதனைக்காரர்கள் பாதிக் கல்லியோடு திரும்பிவிட்டார்கள். ஆனால் மெத்தை வீட்டு வாசலில் ஒரு கான்ஸ்டபிளை நிறுத்திவிட்டுப் போனார்கள்; அவன் எந்த நேரமும் உள்ளே எட்டிப் பார்ப்பான் என்பதால், ருக்குவைத் திருப்பிக் கொண்டுபோக வழியில்லை. கஸ்தூரிரங்கன் சுவர் வழியாகக் குனிந்து குனிந்து வந்து ஜோசஃபின் எதிரில் கைகூப்பி நின்றார்.

"ஒரே ஒரு நாள் வச்சுக்கோம்மா. ரங்கா ஆம்படையாளுக்கு ஆனது இவளுக்கும் ஆச்சுன்னா நான் இந்தக் கல்லியில தலை நிமிர்ந்து நடக்க முடியாது. சங்கமும் அதோட போயிடும்."

"குழந்தை இருக்கு சாமி" என்றாள் ஜோசஃபின். தன் கையால் எழுதிய பிரமாணம் அவர் மடியில் இருந்தது.

அன்று பகல் முழுவதும் நோராவை வாசலில் வைத்துவிட்டு, ருக்குவின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். நடுவில் ருக்கு தண்ணீர் கேட்டாள். எந்தப் பாத்திரத்தில் கொடுப்பது என்று ஜோசஃபின் தயங்க, அவளே எட்டிக் குவளையைப் பிடுங்கி வாய் வைத்துக் குடித்தாள். குடித்துவிட்டுச் சிறிது தெளிந்தவள் போல, "அக்கா, அங்க டாக்டர் இருக்காளாமே? மருந்து குடுப்பாளா, இல்ல சும்மா போட்டு வச்சிருப்பாளா?" என்று கேட்டாள்.

தெரியாது என்றாள் ஜோசஃபின். நிஜமாகவே அவளுக்குத் தெரியாது.

மறுநாள் காலையில் அழுதுகொண்டே பியாட்ரிஸிடம் போனாள். பியாட்ரிஸ் ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. தன்னுடையது பிள்ளை இல்லாத வீடு, இங்கே அனுப்பிவிடு என்றாள். ருக்குவைச் சாக்குக்கு அந்தப் பக்கம் பட்டறை வீட்டு உள்ளறைக்குத் தூக்கிப் போனார்கள். ஜோசஃபின் சாணி கரைத்து வீடு முழுவதும் மெழுகினாள், படுக்கையை எரித்தாள், வேப்பிலைப் புகை போட்டாள். மத்தியானம் உலையில் அரிசி போடப் போனவள், அடுப்புக்கும் சாக்குத் திரைக்கும் நடுவில் ஓர் எலி வாய் பிளந்து கிடப்பதைப் பார்த்தாள்.

அதை விறகுக் குச்சியால் தள்ளி வெளியே கொண்டுபோகும்போது இரண்டு தடவை கீழே விழுந்தது. சாக்குக்கு அப்பால் ருக்கு முனகிக்கொண்டிருந்தாள். ஜோசஃபின் நோராவை இழுத்து நெற்றியைத் தொட்டாள், கழுத்தைத் தொட்டாள், கையைத் தூக்கிப் பார்த்தாள். கால்மணிக்கு ஒரு தரம் பார்த்தாள். குழந்தைக்கு அழுகை வந்துவிட்டது.

ஆஸ்பத்திரிக்காகக் கூலிக்குத் தைத்து வைத்திருந்த துணி மூட்டையை எடுத்துக்கொண்டு, நோராவைக் கையில் பிடித்துக்கொண்டு ஆஸ்பத்திரியின் பின்வாசலுக்கு அவள் போனது அன்றைக்குத்தான். பள்ளிக்கூட நாளிலிருந்து தெரிந்த கன்னியாஸ்திரீ ஒருத்தி அங்கே நோயாளிகளைக் கவனித்துக்கொண்டிருந்தாள். கொல்லர் கல்லி, பட்டறை வீடு, உள்ளறை என்று மூன்றே வார்த்தை சொன்னாள் ஜோசஃபின். இரண்டு முனையிலிருந்தும் வந்தால்தான் கிடைக்கும் என்பதையும் சொன்னாள். உன் வீட்டில் யாருக்காவது உண்டா என்று கன்னியாஸ்திரீ கேட்டதற்கு, இல்லை, நோயாளி என் வீட்டுக்கு வரவே இல்லை என்றாள்.

ருக்குவுக்கு மருந்து கிடைக்கட்டும் என்றுதான் சொன்னோமா, நோராவுக்காகச் சொன்னோமா என்று பிற்பாடு எத்தனையோ தடவை தன்னையே கேட்டுக்கொண்டாள். அந்த நேரத்தில் ருக்குவின் முகம் நினைவில் இல்லை. எலிதான் இருந்தது.

திரும்பும்போது ஆஸ்பத்திரிக் கிணற்றடியில் ஒருவன் டோலித் துணிகளைக் கொதிநீரில் அலசிக்கொண்டிருந்தான். ஆம்ப்ரோஸ். கொல்லர் கல்லியின் கடைசி வீட்டுக்காரன், இங்கே நோயாளி தூக்கும் ஆள். மகஜரில் எண்பத்து மூன்றாவது கையெழுத்து அவனுடையது. அவன் தொட்ட பேனாவை வேறு யாரும் வாங்கமாட்டோம் என்றதால் கடைசியாகப் போட்டான். அவன் நிமிர்ந்து அவளையும் கன்னியாஸ்திரீ போன வாசலையும் பார்த்தான். மறுபடி குனிந்து துணியை அலசினான்.

மாலை நாலு மணிக்கு வந்தார்கள். மைக்கேல்ராஜ் கரி வாங்கப் போயிருந்தான். கல்லில் அடிக்க யாருமில்லை, இருந்திருந்தாலும் நேரமில்லை. ருக்குவை டோலியில் எடுத்துப் போனார்கள். வீட்டில் இருந்த பியாட்ரிஸைக் கேம்புக்குக் கொண்டுபோனார்கள். அவள் வண்டியில் ஏறும்போது ஜோசஃபினைத் தேடிப் பார்த்து, துருத்திக்குப் பக்கத்தில் சோறு மூடி வைத்திருக்கிறேன், உன் அண்ணன் வந்தால் சொல் என்றாள். பிறகு பட்டறைக் கூரையில் ஏறி ஓடுகளை ஒவ்வொன்றாக இறக்கினார்கள்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து சங்கம் அந்தக் கூரையில்லாப் பட்டறையில் கூடியது. வெயில் எல்லாருடைய தலைமீதும் அடித்தது. யாரும் யார் பக்கத்திலும் ஒட்டி உட்காரவில்லை. அதற்குள் கல்லியில் இன்னும் மூன்று வீடுகளில் காய்ச்சல். அந்த வீட்டுக்காரர்கள் வரவில்லை, ஏன் வரவில்லை என்று யாரும் கேட்கவும் இல்லை. கஸ்தூரிரங்கன் குரல் உடைந்து பேசினார். ருக்கு வெள்ளிக்கிழமை ஆஸ்பத்திரியில் கண்ணை மூடிவிட்டாள். பட்டறை வீட்டு உள்ளறை என்று வந்தவர்களுக்குத் தெரிந்திருந்தது. நேராக அங்கே போனார்கள். ஆகவே சொன்னவர் நம்மில் ஒருவர்.

ஆம்ப்ரோஸை நடுவில் நிறுத்தியிருந்தார்கள். அவனுக்கு எதிராகச் சாட்சி ஒன்றும் இல்லை. ஆஸ்பத்திரியில் வேலை செய்கிறான், அவன் உடுப்பில் மருந்து வாடை அடிக்கிறது, இத்தனை நாளில் அவனுக்கு ஒரு தலைவலிகூட வரவில்லை. இது போதும் என்று இருந்தது எல்லாருக்கும். ரங்கா முதல் அடி அடித்தான். கன்னத்தில் விழுந்த அறையில் ஆம்ப்ரோஸின் காதிலிருந்து ரத்தம் கசிந்தது. அவன் ஒரே ஒரு தரம் ஜோசஃபின் பக்கம் திரும்பினான். அவள் தரையைப் பார்த்தாள்.

இப்போது சொல்லிவிடுவான் என்று அவள் காத்திருந்தாள். இரண்டாவது அடி விழுந்தது. சொல்லவில்லை. மூன்றாவது அடிக்கு அவன் முட்டிபோட்டு விழுந்தான். அடிப்பவர்கள் முகத்தை அவள் அப்போதுதான் கவனித்தாள். ஒருவர் முகத்திலும் கோபம் இல்லை. எலியைப் பார்த்தபோது தன் முகம் எப்படி இருந்திருக்குமோ அப்படி இருந்தார்கள்.

எழுந்து நின்றுவிட்டாள். எப்படி எழுந்தோம் என்று அவளுக்கே தெரியவில்லை. நோரா அவள் சேலையைப் பிடித்துக்கொண்டு கூடவே நின்றாள்.

"அவர் இல்ல. நான் சொன்னேன். நான்தான் போய்ச் சொன்னேன்."

அடித்துக்கொண்டிருந்தவர்கள் கையை இறக்கினார்கள். பிறகு கஸ்தூரிரங்கன் கையை உயர்த்தினார்.

"உக்காரும்மா. அடிக்கறதைப் பார்த்துப் பயந்து போயிட்டே. உங்க கோவில் மனுஷன்னு இரக்கம். மகஜர் எழுதினவ நீ. உன் கையால இது நடக்காது."

"எலி செத்துக் கிடந்துச்சு சாமி. எம் பொண்ணு இருக்கா. பயந்துபோய்ச் சொல்லிட்டேன்."

ஒரு பெண் அவளைப் பிடித்து உட்கார வைக்கப் பார்த்தாள். பாவம், புத்தி கலங்கிவிட்டது என்று யாரோ சொன்னார்கள். அவர்களுக்குக் காட்டிக் கொடுத்தவன் ஒருவன் வேண்டியிருந்தான், கிடைத்துவிட்டான், அவனை விட்டுவிட்டால் மறுபடியும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துத் தேட வேண்டியிருக்கும். ஆம்ப்ரோஸ் அன்று மாலைக்குள் கல்லியை விட்டுப் போகவேண்டும் என்று தீர்மானமாயிற்று. எழுதுவதற்கு இந்தத் தடவை அவளைக் கூப்பிடவில்லை.

அவளை நம்பியவன் ஒருவன்தான். மைக்கேல்ராஜ் வழியை மறித்து நின்று, வெகுநேரம் அவள் முகத்தையே பார்த்தான்.

"என்கிட்ட சொல்லியிருக்கலாமே" என்றான். "நானே அந்தப் பொண்ண எங்கயாச்சும் கொண்டுபோயிருப்பேனே."

உனக்கும் பயந்தேன் என்பதை அவனிடம் எப்படிச் சொல்வது?

வீட்டுக்குப் போகக் கால் வரவில்லை. நோராவைத் தூக்கிக்கொண்டு, முன்னால் போய்க்கொண்டிருந்த ஆம்ப்ரோஸைத் தொடர்ந்து நடந்தாள். அவன் ஒரு தகரப்பெட்டியைத் தோளில் வைத்திருந்தான். மார்க்கெட்டைத் தாண்டியதும், ஏன் என் பேரைச் சொல்லவில்லை என்று கேட்டாள்.

"பெரிய மனசுன்னு நெனச்சிக்காத" என்றான் ஆம்ப்ரோஸ். "சொல்லத்தான் நெனச்சேன். அடி விழுந்ததும் வாய் கட்டிப்போச்சு. எனக்கு அப்படித்தான், சின்ன வயசுலேர்ந்தே."

ஆஸ்பத்திரி வாசலில் அவள் உண்மையைச் சொன்னாள். ருக்கு தன் வீட்டில் ஒரு பகலும் இரவும் இருந்ததை, தன் மகள் படுக்கையில் படுத்திருந்ததை. கன்னியாஸ்திரீ ஒன்றும் திட்டவில்லை. ஒரு மாட்டு வண்டியில் இருவரையும் ஏற்றிக் கேம்புக்கு அனுப்பினாள்.

கேம்பு அவள் பயந்ததைப்போல் இருக்கவில்லை. ஆனால் நல்லதாகவும் இல்லை. மூங்கில் தட்டிக் குடிசைகள், ஈரத் தரை, காலையும் மாலையும் ஒரு டாக்டர் வந்து வரிசையாக நிற்கவைத்துப் பார்ப்பார். யாருக்காவது உடம்பு சுட்டால் அங்கேயே பிரித்து, வேலியோரத் தனிக் குடிசையில் போடுவார்கள். அங்கே போனவர்களில் பாதிப் பேர் திரும்பவில்லை. பியாட்ரிஸ் இவர்களைப் பார்த்ததும் ஓடிவந்து நோராவை வாங்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். அன்றே ஜோசஃபின் எல்லாவற்றையும் சொன்னாள். பியாட்ரிஸ் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, கூரையில் ஓடு முழுவதையும் இறக்கிவிட்டார்களா, அவருக்குச் சோறு யார் போடுகிறார்கள் என்று மட்டும் கேட்டாள். அதன் பிறகு மூன்று நாள் அவளோடு பேசவில்லை. நோராவோடு பேசினாள்.

நான்காம் நாள் காலையில் நோராவின் உடம்பு சுட்டது.

ஜோசஃபின் கையை எடுத்துவிட்டு மறுபடி வைத்துப் பார்த்தாள். சூடுதான். டாக்டர் வருவதற்கு அரைமணி இருந்தது. ஈரத்துணியால் குழந்தையின் முகத்தையும் கையையும் துடைத்துத் துடைத்துக் குளிர வைத்தாள். கன்னம் சிவந்திருப்பது தெரியாதபடி முந்தானையால் தலையைச் சுற்றினாள். டாக்டர் கேட்டால் பசிக்கிறது என்று சொல்லு, தலை வலிக்கிறது என்று சொல்லாதே என்று காதோடு சொல்லிக் கொடுத்தாள். நிமிர்ந்தபோது பியாட்ரிஸ் வாசலில் நின்றிருந்தாள்.

"சுடுதா?" என்றாள். மூன்று நாளில் முதல் வார்த்தை.

"இல்ல. வெயில்ல நின்னா, அதான்."

பியாட்ரிஸ் உள்ளே வந்து குழந்தையைத் தொட்டாள். ஜோசஃபின் அவள் காலைப் பிடித்துக்கொண்டாள். சொல்லாதே, தனிக் குடிசைக்குப் போனால் பிழைக்காது, நாளைவரை பார்ப்போம், உன்னைக் கும்பிடுகிறேன் என்று கெஞ்சினாள். அந்தக் குடிசையில் எட்டுப் பேர் இருந்தார்கள். இரண்டு பேர் கைக்குழந்தைக்காரிகள்.

பியாட்ரிஸ் காலை விடுவித்துக்கொண்டாள்.

"உன் கண்ணெதிரேயே போய்ச் சொல்றேன்" என்றாள். "திட்டறதுன்னா என்னைத் திட்டு."

போய்ச் சொன்னாள். டாக்டர் வந்து பார்த்தார். நெறி எங்கும் இல்லை, ஆனால் காய்ச்சல் இருந்தது. நோராவைத் தூக்கிப் போனார்கள். அம்மாவையும் அனுமதிக்கச் சொல்லிப் பியாட்ரிஸ்தான் டாக்டரோடு வாதாடினாள். குடிசைக்கு வெளியே, தட்டிக்கு இந்தப் பக்கம் உட்காரலாம் என்று விட்டார்கள்.

இரண்டு நாள் அங்கே உட்கார்ந்திருந்தாள். உள்ளிருந்து நோராவின் இருமல் கேட்கும்போதெல்லாம் மூச்சு வந்தது. கேட்காதபோது தட்டியின் இடுக்கில் கண்ணை வைத்துப் பார்த்தாள். பியாட்ரிஸை மனதுக்குள் எவ்வளவு சபிக்க முடியுமோ அவ்வளவு சபித்தாள். அவளே கஞ்சி கொண்டுவந்து பக்கத்தில் வைத்துவிட்டுப் போனதையும் குடித்தாள்.

மூன்றாம் நாள் காய்ச்சல் இறங்கிற்று. நெறி கட்டவே இல்லை. ஈரத்தரையில் படுத்ததால் வந்த சளிக்காய்ச்சல் என்றார் டாக்டர்.

அன்று பிற்பகல் மைக்கேல்ராஜ் வேலிக்கு அப்பால் வந்து நின்றான். கிட்டே வரவிடவில்லை, இருபது அடி தள்ளி நின்று கத்தித்தான் பேசினான். கஸ்தூரிரங்கன் குடும்பத்தோடு தொம்மலூர்ப் பக்கம் வயலில் குடிசை போட்டுக்கொண்டு போய்விட்டாராம். அவர் போன மறுநாளே மற்றவர்களும் ஒவ்வொருவராக, ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்ளாமல், சட்டி பானையோடு கிளம்பிவிட்டார்கள். ரங்கா மட்டும் இருக்கிறான். சங்கம் அப்புறம் கூடவில்லை. காய்ச்சல் கண்ட வீடுகளில் ஐந்து பேர் செத்துப்போனார்கள்.

"ஆம்ப்ரோஸு?" என்று பியாட்ரிஸ் கத்திக் கேட்டாள்.

அவன் ஆஸ்பத்திரியிலேயே தங்கிவிட்டான், ஒரு காது கேட்கவில்லை, இருந்தாலும் வேலைக்குப் போகிறான் என்றான் மைக்கேல்ராஜ். பிறகு சிறிது தயங்கி, குழந்தை எப்படி இருக்கிறது என்று கேட்டான். யாரைக் கேட்டான் என்று தெரியவில்லை; இரண்டு பெண்களும் வேலியோரம் நின்றிருந்தார்கள். ஜோசஃபின் வாயைத் திறந்தாள், சத்தம் எழும்பவில்லை. பியாட்ரிஸ் அவளை ஒரு முறை பார்த்துவிட்டு, கையை வாயருகே குவித்து, "இறங்கிடுச்சு, கஞ்சி குடிக்கறா" என்று அவனுக்குக் கேட்கும்படி சொன்னாள்.